சோலார் கொட்டேஷன்ல யாரும் படிக்காத கடைசி வரி: கனெக்டர், கேபிள் டை, கிளாண்ட், டிரே – எதுக்குக் காசு கொடுக்கணும், எதுக்கு வேண்டாம்?



மொட்டை மாடியில சோலார் போடலாம்னு முடிவு பண்ணி, ரெண்டு மூணு கொட்டேஷன் வாங்கி வச்சிருக்கீங்களா? அப்படின்னா இந்தப் பதிவு உங்களுக்குத்தான்.

உதாரணத்துக்கு ஒரு கொட்டேஷன் 1,80,000 ரூபாய், இன்னொண்ணு 1,92,000 ரூபாய்னு வச்சுக்கோங்க. ரெண்டுமே 3 கிலோவாட். பேனல் ஒரே கம்பெனி, இன்வெர்ட்டரும் ஒரே தரம். அப்புறம் எதுக்கு 12,000 ரூபாய் அதிகமா கொடுக்கணும்? நம்மில் பெரும்பாலானவங்க குறைஞ்ச விலையைத்தான் எடுப்போம். சில நேரம் அது சரியான முடிவாவே இருக்கும், ரெண்டாவது ஆள் சும்மா லாபம் அதிகமா வச்சிருக்கலாம். ஆனா சில நேரம் அந்த வித்தியாசம் கொட்டேஷனோட கடைசி வரியில ஒளிஞ்சிருக்கும். "கேபிள், கனெக்டர் மற்றும் இதர பொருட்கள் – ஒரு செட்". அவ்வளவுதான் எழுதியிருப்பாங்க. பிராண்ட் இருக்காது, அளவு இருக்காது, எண்ணிக்கை இருக்காது.

இன்னைக்கு அந்த ஒரு வரியைப் பிரிச்சுப் பார்க்கப் போறோம். அதுல எதுக்குக் கூடுதலா கொடுக்கலாம், எதுக்குக் கொடுக்கவே வேண்டாம்னு கணக்கோட பார்ப்போம்.

முதல்ல, என்ன பணயத்துல இருக்கு?

பிஎம் சூர்ய கர் திட்டத்தில (2024 பிப்ரவரியில தொடங்கினது) முதல் 2 கிலோவாட்டுக்கு கிலோவாட்டுக்கு 30,000 ரூபாய், மூணாவது கிலோவாட்டுக்கு 18,000 ரூபாய்னு மொத்தம் 78,000 ரூபாய் வரைக்கும் மானியம் கிடைக்குது. மேல சொன்ன 1,92,000 ரூபாய் கொட்டேஷன்ல இதைக் கழிச்சா உங்க கைக்காசு 1,14,000 ரூபாய்.

3 கிலோவாட் சிஸ்டம் சராசரியா ஒரு நாளைக்கு 11 யூனிட் தருதுன்னு எடுத்துப்போம். வருஷத்துக்கு சுமார் 4,000 யூனிட். நீங்க மிச்சம் பிடிக்கிற யூனிட்டோட மதிப்பு உங்க ஸ்லாபைப் பொறுத்து மாறும். கணக்குக்காக 7 ரூபாய்னு வச்சா வருஷத்துக்கு 28,000 ரூபாய். நாலு வருஷம் சொச்சத்துல போட்ட காசு திரும்பி வந்துடுது. அதுக்கு அப்புறம் வர்ற இருபது வருஷம்தான் உண்மையான லாபம்.

இங்கதான் விஷயமே இருக்கு. பேனலுக்கு 25 வருஷம் பெர்ஃபார்மன்ஸ் வாரன்டி தர்றாங்க. இன்வெர்ட்டருக்கு 5 முதல் 10 வருஷம். பேனலையும் இன்வெர்ட்டரையும் இணைக்கிற கனெக்டர், வயரைப் பிடிச்சு நிறுத்துற டை, பாக்ஸ்ல தண்ணி போகாம தடுக்கிற கிளாண்ட் இதுக்கெல்லாம் யாரும் உங்களுக்குத் தனியா வாரன்டி கார்டு தர்றதில்ல. ஆனா வெயில், மழை, காத்து மூணையும் 25 வருஷம் தாங்க வேண்டியது இவையும்தான். நாலாவது வருஷம் போட்ட காசு திரும்பி வர்ற நேரத்துல இந்தச் சில்லறைப் பொருட்கள் போக ஆரம்பிச்சா, லாபம் வர வேண்டிய வருஷங்கள்ல ரிப்பேர் பில் வரும். மோசமான சந்தர்ப்பத்துல மாடியில தீப்பிடிக்கவும் வாய்ப்பு இருக்கு.

1. கனெக்டர்: கட்டை விரல் அளவு, ஆனா முக்கியமான ஆள்

பேனலுக்குப் பின்னாடி ரெண்டு கருப்பு வயர், அதோட முனையில ஒண்ணுக்குள்ள ஒண்ணு போய் "கிளிக்"னு பூட்டிக்கிற பிளாஸ்டிக் கனெக்டர் பார்த்திருப்பீங்க. அதைத்தான் எம்சி4-னு சொல்றாங்க. மல்டி-கான்டாக்ட்ங்கிற சுவிஸ் கம்பெனி கொண்டு வந்தது, உள்ளே இருக்கிற பின் 4 மில்லிமீட்டர் தடிமன், அதனால அந்தப் பேர். இன்னைக்கு அந்தக் கம்பெனி ஸ்டாய்ப்ளி குழுமத்துல இருக்கு.

கடையில "எம்சி4 இருக்கா?"ன்னு கேட்டா பல கம்பெனி சரக்கை எடுத்துக் காட்டுவாங்க. எல்லாமே பார்க்க ஒரே மாதிரிதான் இருக்கும். பெரும்பாலானவை ஒண்ணோட ஒண்ணு மாட்டிக்கவும் செய்யும். பெட்டி மேல "எம்சி4 கம்பேட்டிபிள்"னு போட்டிருப்பாங்க. பிரச்சினை தொடங்குறது இங்கதான். சோலார் கனெக்டருக்கான சர்வதேசத் தரம் ஐஇசி 62852. அதுல ஒரு கம்பெனியோட ஆண் கனெக்டரும் அதே கம்பெனியோட பெண் கனெக்டரும் சேர்த்துத்தான் சோதிக்கப்படுது. வேற வேற கம்பெனி சரக்கை ஜோடி சேர்த்தா, அந்த ஜோடிக்குச் சான்றிதழ் கிடையாது. உள்ளே இருக்கிற உலோகம், மேல இருக்கிற பூச்சு, ரப்பர் வளையத்தோட அளவு எல்லாம் கொஞ்சம் கொஞ்சம் மாறும். இன்னைக்கு மாட்டும்போது எதுவும் தெரியாது. நாலு ஐப்பசி மழை, நாலு கத்திரி வெயில் பார்த்த பிறகுதான் தெரியும்.

சூடு எப்படி வருதுன்னு ஒரு சின்னக் கணக்கு பாருங்க. இப்போ வர்ற 540 வாட் பேனல்ல சுமார் 13 ஆம்பியர் கரண்ட் ஓடும். நல்ல கனெக்டர்ல இணைப்பு மின்தடை 0.35 மில்லிஓம் மாதிரிதான். 13 × 13 × 0.00035 = 0.06 வாட். ஒண்ணுமே இல்ல. அதே இணைப்பு துருப்பிடிச்சு, லூசாகி, மின்தடை 100 மில்லிஓம் ஆயிடுச்சுன்னு வச்சுக்கோங்க. 13 × 13 × 0.1 = கிட்டத்தட்ட 17 வாட். செல்போன் கடையில சால்டர் வைக்கிற சின்ன இரும்பு 25 வாட் இருக்கும். அதுல பாதிக்கு மேலான சூடு, கட்டை விரல் அளவு பிளாஸ்டிக்குக்குள்ள, தினமும் மத்தியான நேரம் முழுக்க.

இதுல பணரீதியா ஒரு வேடிக்கை இருக்கு. அந்த 17 வாட் நஷ்டத்தால வருஷத்துக்கு 25 யூனிட் கூடப் போகாது, 200 ரூபாய்க்கும் கம்மி. அதனால உங்க இன்வெர்ட்டர் ஆப்லயோ கரண்ட் பில்லுலயோ எதுவும் தெரியாது. பில்லு சரியா வருதேன்னு நம்ம நிம்மதியா இருக்கும்போதே மேல பிளாஸ்டிக் உருகிட்டு இருக்கும்.

இன்னொரு விஷயம், இது டிசி. வீட்டுல வர்ற ஏசி கரண்ட் ஒரு நொடிக்கு 100 தடவை பூஜ்ஜியத்தைத் தொட்டுட்டுப் போகும், அதனால தீப்பொறி கிளம்பினாலும் தானா அணைய வாய்ப்பு இருக்கு. ஆறு பேனல் தொடரா மாட்டினா கிட்டத்தட்ட 300 வோல்ட் டிசி. அதுல பூஜ்ஜியமே கிடையாது. லூசான இணைப்புல ஆர்க் கிளம்பினா வெயில் இருக்கிற வரைக்கும் எரிஞ்சுக்கிட்டே இருக்க முடியும். கீழ மெயின் சுவிட்சை அணைச்சாலும் பேனல் பக்கம் வோல்டேஜ் இருந்துக்கிட்டேதான் இருக்கும்.

இது வெறும் பயமுறுத்தல் இல்ல. அமெரிக்காவில 2019 ஆகஸ்ட்ல வால்மார்ட், தன்னோட ஏழு கடைகளின் கூரையில சோலார் தீப்பிடிச்சதாச் சொல்லி டெஸ்லா மேல வழக்குப் போட்டது. சரியில்லாத இணைப்புகளும், தொங்கிக்கிட்டிருந்த வயர்களும் அந்தப் புகார்ல இடம்பிடிச்சது. அதே வருஷம் நவம்பர்ல ரெண்டு பேரும் சமரசமாப் போயிட்டாங்க, கோர்ட் தீர்ப்புன்னு எதுவும் வரல. ஆனா அவ்வளவு பெரிய கம்பெனிகள் சண்டை போட்ட விஷயம் இந்தச் சில்லறைப் பொருட்களைப் பத்தியும்தான்ங்கிறதைக் கவனிங்க.

சரி, உங்க வீட்டுக்கு என்ன கேட்கணும்?

• பேனலோட டேட்டா ஷீட்டைக் கேளுங்க. அதுல கனெக்டர் எந்தக் கம்பெனி, என்ன மாடல்னு போட்டிருக்கும். மாடியில புதுசா போடுற கனெக்டரும் அதே கம்பெனி, அதே மாடலா இருக்கணும்.
• பேனலுக்குப் பேனல் மாட்டுறது ஃபேக்டரியிலேயே போட்ட கனெக்டர். ஆறு பேனல் வீட்டுல ஸ்பாட்ல புதுசா போடுறது அதிகபட்சம் மூணு ஜோடிதான் வரும். விலை கூடுதலா இருந்தாலும் சில நூறு ரூபாய்தான்.
• இன்வெர்ட்டர் பெட்டியில கனெக்டர் கூடவே வந்திருந்தா, இன்வெர்ட்டர் பக்கம் அதையே போடச் சொல்லுங்க.
• பேனலோட வந்த கனெக்டரை வெட்டி வேற போட விடாதீங்க. பின்னாடி வாரன்டி கேட்கும்போது அதுவே தகராறாகலாம்.
• கிரிம்பிங் பண்றதுக்கு எம்சி4-க்குன்னே இருக்கிற ராட்செட் டூல் கொண்டு வர்றாங்களான்னு பாருங்க. கட்டிங் பிளேயரால நசுக்கினா, எவ்வளவு நல்ல கனெக்டர் வாங்கினாலும் வீண்.
• பின்பக்க நட்டை அதுக்கான ஸ்பேனரால இறுக்கணும். கையால திருகி விட்டா மழைத் தண்ணி உள்ள போகும்.

ஐப்பசி, கார்த்திகை மாசத்துல சில வீட்டுல காலையில இன்வெர்ட்டர் "ஐசொலேஷன் ஃபால்ட்"னு காட்டி ஸ்டார்ட் ஆகாது. வெயில் ஏறினதும் தானா சரியாயிடும். "மழைக்கு அப்படித்தான் சார்"னு சொன்னா நம்பாதீங்க. எங்கேயோ ஒரு கனெக்டர்லயோ கிளாண்ட்லயோ தண்ணி இறங்குது, இல்லைன்னா வயர் தோல் கிழிஞ்சிருக்குன்னு அர்த்தம்.

2. கேபிளைத் தாங்குறது யார்?

கனெக்டர் எவ்வளவு நல்லதா இருந்தாலும், அது தரையில கிடந்தாலோ காத்துல ஆடினாலோ சீக்கிரம் போயிடும். மழை பெய்ஞ்சா தேங்குற தண்ணியில கனெக்டர் மூழ்கக் கூடாது. வயர் எடையைக் கனெக்டர் தாங்கக் கூடாது. இந்த ரெண்டு வேலைக்காகத்தான் டை, கிளிப், கன்ட்யூட், டிரே எல்லாம்.

*கேபிள் டை:* கடையில வெள்ளைக் கலர்ல பாக்கெட் பாக்கெட்டா கிடைக்குதே, அது வீட்டுக்குள்ள டிவி வயர் கட்டுறதுக்கு. மாடி வெயில்ல ஒண்ணு ரெண்டு வருஷத்துல பிஸ்கட் மாதிரி உடையும். அது அறுந்த பிறகு வயர் தொங்கும். ஆடிக் காத்துல அந்த வயர் ஸ்ட்ரக்சரோட கூர்மையான விளிம்புல உரசிக்கிட்டே இருக்கும். தென்காசி, கோவை பக்கம் அந்தக் காத்து எப்படி அடிக்கும்னு உங்களுக்கே தெரியும். கொஞ்ச நாள்ல வயர் தோல் கிழிஞ்சு செம்பு வெளியே வந்துடும். அதனால கேட்க வேண்டியது, யுவி தாங்குற கருப்பு நைலான் டை. அதைவிட நல்லது, பேனல் ஃபிரேம்ல மாட்டுற ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் கிளிப், அல்லது மேல பிவிசி பூச்சு போட்ட ஸ்டீல் டை. பூச்சு இல்லாத ஸ்டீல் டையை இறுக்கிக் கட்டினா அதுவே வயரை அறுக்கும், அதையும் கவனிங்க.

*கன்ட்யூட் பைப்:* பேனல்ல இருந்து இன்வெர்ட்டர் வரைக்கும் வயர் பைப்புக்குள்ள வரணும். சுவத்துக்குள்ள பதிக்கிற சாதா வெள்ளை பிவிசி பைப்பை வெயில்ல விட்டா நிறம் மாறி நொறுங்கும். யுவி தாங்கும்னு எழுத்துல சொல்ற பைப், இல்லைன்னா ஜிஐ பைப் கேளுங்க. அணில், எலி தொல்லை இருக்கிற வீடுன்னா ஜிஐ-க்கே போயிடுங்க. ஜிஐ பைப் போட்டா வெட்டின முனையில வயர் உரசாம ரப்பர் புஷ் போடணும், பைப்புக்கும் எர்த் கொடுக்கணும். பைப் தரையில உருளாம, சாடில் வச்சு ரெண்டு மூணு அங்குலம் உயரத்துல நிக்கணும்.

*டிரே:* கடை, ஃபேக்டரி, அபார்ட்மென்ட் மாதிரி நிறைய வயர் ஓடுற இடத்துக்குத்தான் டிரே. அங்க பார்க்க வேண்டியது துத்தநாகப் பூச்சு. கடையில ரெண்டு வகை இருக்கு. ப்ரீ-கால்வனைஸ்டு டிரேயில ஒரு பக்கத்துக்கு சுமார் 20 மைக்ரான்தான் பூச்சு. வெட்டின விளிம்புலயும், துளை போட்ட இடத்துலயும் அதுவும் இருக்காது. ஹாட் டிப், அதாவது டிரேயைச் செஞ்சு முடிச்சப்புறம் உருகின துத்தநாகத்துல முக்கி எடுக்கிறது. தகடு தடிமனைப் பொறுத்து 45 முதல் 70 மைக்ரான் வரை வரும், விளிம்பும் மூடியிருக்கும்.

இதையும் கணக்காப் போடலாம். கடலோர உப்புக் காத்துல துத்தநாகம் வருஷத்துக்கு 4 மைக்ரான் மாதிரி கரையலாம். 20 மைக்ரான் பூச்சு அஞ்சு வருஷம். 60 மைக்ரான் பூச்சு பதினஞ்சு வருஷம். தூத்துக்குடி, நாகப்பட்டினம், ராமேஸ்வரம், சென்னையில ஈசிஆர் பக்கம் வீடு இருந்தா இந்த வித்தியாசத்துக்குக் காசு கொடுக்கிறது நியாயம். சேலத்துலயோ கரூர்லயோ இருந்தா துத்தநாகம் கரையுற வேகம் இதைவிட ரொம்பக் கம்மி. அங்க ப்ரீ-கால்வனைஸ்டே நல்லா வரும். பேனல் ஸ்ட்ரக்சருக்கும் இதே லாஜிக்தான்.

3. லக்கும் கிளாண்டும்

இது ரெண்டும் இன்வெர்ட்டர், டிசிடிபி, ஏசிடிபி பாக்ஸ் பக்கத்துல வரும்.

*லக்:* வயர் முனையில நசுக்கிப் போடுற உலோகத் தொப்பி. செம்பு வயருக்குத் தகரப் பூச்சு போட்ட செம்பு லக். அலுமினிய வயரைச் செம்பு டெர்மினல்ல இணைக்கணும்னா பைமெட்டாலிக் லக்தான் போடணும். செம்பும் அலுமினியமும் நேரடியா ஒட்டிக்கிட்டு ஈரம் பட்டா அலுமினியம் அரிச்சுப் போகும், இணைப்பு லூசாகும், சூடாகும். இழை இழையா இருக்கிற வயரை ஸ்க்ரூ டெர்மினல்ல அப்படியே சொருகாம, பின் லக் அதாவது ஃபெரூல் போட்டுச் சொருகணும். ஒரு ஃபெரூல் விலை ஒண்ணு ரெண்டு ரூபாய்தான். அதையும் போடாம விடுறவங்க இருக்காங்க.

*கிளாண்ட்:* பாக்ஸுக்குள்ள வயர் நுழையுற ஓட்டையில போடுற நட் மாதிரியான பொருள். பாக்ஸ் மேல "ஐபி65"னு பெருமையா எழுதியிருக்கும். ஆனா பெரிய ஓட்டை போட்டு, நாலு வயரை மொத்தமா நுழைச்சு, சிலிக்கான் பூசி விட்டா அந்த ஐபி65 அங்கேயே முடிஞ்சு போச்சு. தண்ணி மட்டுமில்ல, எறும்பும் பல்லியும் உள்ள போகும். பல்லி டெர்மினல் மேல ஏறினா ஷார்ட் ஆக வாய்ப்பு இருக்கு. ஒரு வயருக்கு ஒரு கிளாண்ட், இல்லைன்னா பல துளை உள்ள கிளாண்ட். வயர் தடிமனுக்குப் பொருந்துற சைஸ். முடிஞ்ச வரைக்கும் பாக்ஸோட அடிப்பக்கத்துல நுழைவு. நுழையுறதுக்கு முன்னாடி வயர் கீழ இறங்கி, வளைஞ்சு மேல ஏறணும். அப்போ வயர் வழியா வழியுற மழைத் தண்ணி பாக்ஸுக்குள்ள போகாம கீழ சொட்டிடும்.

4. இதுக்கெல்லாம் எவ்வளவு கூடுதல் செலவு?

3 கிலோவாட், ஆறு பேனல், 20 மீட்டர் தூரம்னு ஒரு மாதிரிக் கணக்கு. ஊருக்கு ஊர் விலை மாறும், அதனால உங்க இன்ஸ்டாலர் சொல்ற விலையை இதுல போட்டுப் பாருங்க. இது முழுச் செலவு இல்ல, சாதா சரக்குக்கும் நல்ல சரக்குக்கும் உள்ள வித்தியாசம் மட்டும்.

• பேனலோட பொருந்துற கனெக்டர் – 3 ஜோடி × 200 = 600 ரூபாய்
• ஸ்டீல் கிளிப், யுவி டை – 40 × 20 = 800 ரூபாய்
• நல்ல கன்ட்யூட், சாடில் – 20 மீட்டர் × 60 = 1,200 ரூபாய்
• கிளாண்ட், லக், ஃபெரூல் – 700 ரூபாய்
• மொத்தம் – 3,300 ரூபாய்

1,92,000 ரூபாய்ல இது 2 சதவீதத்துக்கும் கம்மி. 25 வருஷத்துக்குப் பிரிச்சா வருஷத்துக்கு 132 ரூபாய். மாசத்துக்கு 11 ரூபாய், ஒரு டீ காசு.

திரும்பி வருமா? சிஸ்டம் ஒரு நாள் நின்னா 11 யூனிட் × 7 ரூபாய் = 77 ரூபாய் நஷ்டம். 3,300-ஐ 77-ஆல் வகுத்தா 43 நாள். அதாவது 25 வருஷத்துல மொத்தமா 43 நாள் நிக்காம தடுத்தாலே போட்ட காசு வந்தாச்சு. ஆள் வர்றதுக்கும் பார்ட்ஸ் வர்றதுக்கும் ஒரு ரிப்பேருக்கே பத்துப் பதினஞ்சு நாள் ஆகுதுன்னா, மூணு நாலு ரிப்பேர்தான். தீ விபத்து, வீட்டுல இருக்கிறவங்க உயிர் இதையெல்லாம் நான் இந்தக் கணக்குல சேர்க்கவே இல்ல.

இன்னொரு பக்கமும் பாருங்க. நல்ல சரக்குக்கு ஆகுறது இந்த 3,300 தான்னா, 12,000 ரூபாய் அதிகம் கேட்கிறவர் மீதி 8,700 ரூபாய் எதுக்குன்னு சொல்லணும். ஹாட் டிப் ஸ்ட்ரக்சரா, கூடுதல் எர்த்திங்கா, நல்ல சர்ஜ் புரொடெக்டரா? பதில் இருந்தா சரி. பதில் இல்லைன்னா குறைஞ்ச விலைக்காரர்கிட்டயே இந்த நாலு வரியையும் சேர்த்து 1,83,300 ரூபாய்க்குக் கேளுங்க. இதுதான் இந்தப் பதிவோட முக்கியமான டிப்.

5. எங்க காசைக் கொட்ட வேண்டாம்

நல்ல சரக்கு போடுங்கன்னு சொன்னா, சில பேர் எல்லாத்துலயும் விலை அதிகமானதைத் தலையில கட்டப் பார்ப்பாங்க. அதனால இதையும் தெரிஞ்சுக்கோங்க.

• *6 சதுர மி.மீ கேபிள்:* 20 மீட்டர் தூரத்துக்கு 4 சதுர மி.மீ போதும். போக வர 40 மீட்டருக்கு மின்தடை சுமார் 0.2 ஓம். 13 ஆம்பியர்ல 2.6 வோல்ட் குறையும், ஓடுற வோல்டேஜ் 250-ல அது 1 சதவீதம்தான். 6-க்குப் போனா மிச்சமாகிறது வருஷத்துக்கு ஏதோ பத்து யூனிட். தூரம் 40, 50 மீட்டர்னு இருந்தா அப்போ யோசிக்கலாம். ஆனா எந்த அளவா இருந்தாலும் அது சோலார் டிசி கேபிளா இருக்கணும், இந்தியத் தரம் ஐஎஸ் 17293. வீட்டு ஒயரிங் வயரை மாடியில போட விடாதீங்க.
• *வீட்டுக்கு டிரே:* ரெண்டே ரெண்டு டிசி வயருக்கு டிரே தேவையில்ல. பைப்பும் சாடிலும் போதும்.
• *316 ஸ்டெயின்லெஸ்:* கடலோரத்துக்கு மட்டும். உள்ளூர்ப் பகுதிக்கு 304 போதும்.
• *பித்தளை டபுள் கம்ப்ரஷன் கிளாண்ட்:* ஆர்மர்டு கேபிளுக்கு. சாதா சோலார் வயருக்கு நல்ல நைலான் கிளாண்டே சரி.

6. கடைசித் தவணை கொடுக்கிறதுக்கு முன்னாடி

ஆர்டர் கொடுக்கும்போதே "கனெக்டர் கம்பெனி, மாடல், கேபிள் தரம், அளவு, டை, கிளிப் வகை, கன்ட்யூட் வகை" இந்த நாலையும் கொட்டேஷன்ல எழுதி வாங்குங்க. மொத்தப் பணத்துல 10 சதவீதத்தையாவது செக்கிங் முடியுற வரைக்கும் நிறுத்தி வைக்கலாம்னு முன்கூட்டியே பேசிக்கோங்க. வேலை முடிஞ்சதும் இதையெல்லாம் கண்ணால பாருங்க, எதையும் தொடாதீங்க:

1. எந்தக் கனெக்டராவது தரையில கிடக்குதா, தண்ணி தேங்குற இடத்துல இருக்குதா?
2. ஸ்பாட்ல போட்ட கனெக்டர்ல இருக்கிற பேரும், பேனல் கனெக்டர்ல இருக்கிற பேரும் ஒண்ணா?
3. வயர் எங்கேயாவது விளிம்புல உரசுதா, கயிறு மாதிரி இழுத்துக் கட்டியிருக்குதா, முறுக்கி மடிச்சிருக்குதா?
4. பாக்ஸ்ல திறந்த ஓட்டை இருக்குதா?
5. பேனலுக்கு அடியில இருக்கிற வயரையும் கனெக்டரையும் போட்டோ எடுத்துத் தரச் சொல்லுங்க. நாளைக்கு வாரன்டி, இன்சூரன்ஸ் எதுக்கும் இது உதவும்.

முடிஞ்சா, நல்ல வெயில் மத்தியானத்துல தெர்மல் கேமரா வச்சு ஒரு தடவை பார்க்கச் சொல்லுங்க. ஒரு கனெக்டர் மட்டும் மத்ததைவிடச் சூடா தெரிஞ்சா அங்க பிரச்சினை இருக்குன்னு அர்த்தம்.

இன்சூரன்ஸ் பத்தியும் ஒரு வார்த்தை. 2021 ஏப்ரல்ல இருந்து வர்ற பாரத் கிருஹ ரக்ஷா பாலிசியில சோலார் பேனல் வீட்டுக் கட்டடத்தோட பகுதியா வருது. ஆனா சோலார் போடுறதுக்கு முன்னாடி எடுத்த பாலிசின்னா, காப்பீட்டுத் தொகையில அந்த மதிப்பு சேர்ந்திருக்காது. கம்பெனிக்குத் தெரியப்படுத்தி, தொகையை உயர்த்தி, எழுத்துல வாங்கி வச்சுக்கோங்க.

அடிக்கடி வர்ற ரெண்டு கேள்வி

*"ஏற்கனவே போட்டாச்சு, கனெக்டர் வேற வேற கம்பெனின்னு இப்பத்தான் தெரியுது. என்ன பண்றது?"*
பதற வேண்டாம், நீங்களே கழட்டவும் வேண்டாம். லோடு ஓடும்போது கழட்டினா ஆர்க் அடிக்கும், கை போயிடும். இன்ஸ்டாலரைக் கூப்பிட்டு, இன்வெர்ட்டரையும் டிசி ஐசொலேட்டரையும் அணைச்சிட்டு, ஸ்பாட்ல போட்ட முனைகளை மட்டும் பேனலோட கம்பெனிக்கே மாத்தச் சொல்லுங்க. இந்தத் திட்டத்துல போட்டிருந்தா முதல் 5 வருஷப் பராமரிப்பு அவங்க பொறுப்புதான். ஒப்பந்தத்தை எடுத்துப் பாருங்க.

*"வருஷா வருஷம் என்ன பார்க்கணும்?"*
மழைக்கு முன்னாடி, புரட்டாசியில ஒரு தடவை. அறுந்த டை, தொங்குற வயர், நிறம் மாறின கனெக்டர், துருப்பிடிச்ச கிளாம்ப். பத்து நிமிஷ வேலை. பேனல் துடைக்க ஆள் வரும்போதே பார்த்துடலாம்.

ஒரு லட்சத்துக்கு மேல கைக்காசு போட்டு 25 வருஷத்துக்கு ஒரு முதலீடு பண்றீங்க. எஃப்டி போடும்போது கால் சதவீத வட்டிக்கு நாலு பேங்க் ஏறி இறங்குற நம்ம, இந்தக் கடைசி வரிக்கு அரை மணி நேரம் ஒதுக்கலாம் இல்லையா? உங்க கையில இருக்கிற கொட்டேஷனை இப்பவே எடுத்து, கடைசி வரியில என்ன எழுதியிருக்குன்னு பாருங்க. "ஒரு செட்"னு மட்டும் இருந்தா, இன்ஸ்டாலருக்கு ஒரு போன் போடுங்க. அவர் என்ன பதில் சொன்னார்னு கமெண்ட்ல எழுதுங்க, மத்தவங்களுக்கும் உதவும். பேரையும் போன் நம்பரையும் மறைச்சுக் கொட்டேஷனை அனுப்பினா, அடுத்த வீடியோவுல அதை வரி வரியா பிரிச்சுப் பார்க்கலாம்.